நிகழ்காலம்

நாற்பத்தேழாவது பெயர் என்னுடையது.
அறுபத்திரண்டு வெற்றிடம் என்றது வர்த்தமானி.
கழித்தல் தெரிந்த எல்லாரும் வாழ்த்துச் சொன்னார்கள்.
வெள்ளவத்தையில் கீழ்வீட்டு அன்ரி
கேசரி கிண்டிக் கொண்டுவந்தா.
அது முந்தின வருஷத்து ஆவணி.

பத்தரமுல்லையில் ஆறாம் மாடி,
லிஃப்ட் நாலோடு நின்றுவிடும்.
மாதத்தின் முதல் திங்கள் தவறாமல் போனேன்.
யன்னலுக்குள் இருந்தவர் நல்ல மனுஷன்.
பைலைத் திறக்காமலே சிரிப்பார்:
"ஹெட்ட என்ன."
நாளை வாருங்கள் என்று பொருள்.
மொழிபெயர்ப்பாளர் வேலைக்குத்தான் காத்திருக்கிறேன்,
பொருள் தெரியாதா?
என்றாலும் படியிறங்கும்போது
இரண்டாவது சொல் மட்டும் தமிழாகிவிடும்:
நாளை என்ன?
நாளை
என்ன?

புதுக்கடையில், போட்டோக்கொப்பிக் கடைக்கு மேலே,
சட்டத்தரணி இந்துமதி சுவிங்கம் மென்றபடி சொன்னா:
"பட்டியலில் இருக்கிறது பதவியில் இருக்கிறதில்லை.
வேலை உமக்கு உரித்தென்று
எந்த நீதிமன்றமும் எழுதித் தராது.
ஆனால் உம்மைத் தாண்டி
ஐம்பத்தொன்பதைக் கூப்பிட்டிருந்தால்
ஏன் என்று கேட்கிற உரிமை உமக்கு உண்டு,
பன்னிரண்டாம் உறுப்புரை.
எப்ப மறுத்தவை?
அந்தத் திகதியில் இருந்து ஒரு மாதம்தான்."

ஒருத்தரும் மறுக்கேல்லை, மேடம்.
அதுதான் என்ர முறைப்பாடே.

ஐம்பத்தொன்பது என்பது டிலுக்சன்.
பரீட்சை மண்டபத்தில் எனக்குப் பின் மேசை,
இடைவேளையில் மாலுபாண் பாதி தந்தவன்.
கோட்டை ஸ்டேஷன் வாசலில்
தன் நியமனக் கடிதத்தின் பிரதியை
நாலாக மடித்து என் கையில் வைத்தான்.
"என்ர பேர் வரும்தானே?" என்றான்.
வரும் என்றேன்.
"வரட்டும்," என்றான், ரயிலைப் பார்த்துக்கொண்டு.

தகவல் கேட்டு எழுதிய விண்ணப்பத்துக்கு
ஒருவழியாகப் பதில் வந்தது.
சிங்களத்தில் நாலு வரி.
அடியில், எறும்பளவு எழுத்தில்:
மொழிபெயர்ப்பாளர் பற்றாக்குறையினால்
தமிழ்ப் பிரதி இணைக்கப்படவில்லை.

நான் சிரித்த சிரிப்பில்
அறைத்தோழி ருஷ்தா குளியலறையிலிருந்து ஓடிவந்தாள்.

மனுவோடு அதை ஆங்கிலத்தில் இணைக்க வேண்டும்.
என் மொழிபெயர்ப்பு செல்லாது.
சத்தியப்பிரமாண முத்திரை வேண்டும்;
முத்திரைக்கு நியமனம் வேண்டும்.
ஆகவே மெசஞ்சர் வீதியில் ஜிஃப்ரி மாஸ்டரிடம்
பக்கத்துக்கு இரண்டாயிரத்தைந்நூறு கட்டினேன்.

மாலை வாங்கிப் படித்தேன்.
மூலத்தில்: பரிசீலிக்கப்பட்டு வருகிறது.
அவர் எழுதியிருந்தது: பரிசீலிக்கப்பட்டு முடிந்தது.

முடிந்தது என்றால்
ஒரு முடிவு உண்டு.
முடிவுக்கு ஒரு திகதி உண்டு.
திகதிக்கு ஒரு மாதம்,
அந்த மாதத்தில் இன்னும் பதினொரு நாள்.
இந்துமதி மேடம் தேடித் திரிந்த மறுப்பு
முத்திரையோடு என் கையில் இருந்தது,
ஒரு கிழவரின் கண்ணாடிப் பிழையால்.

சைவக்கடையில் ஒரு பிளேன்டீ குடித்தேன்.
இன்னொன்றும் குடித்தேன்.
முப்பத்துநாலு வயதும் ஐந்து மாதமும் எனக்கு.
அடுத்த அறிவித்தலுக்கு முப்பத்தைந்து எல்லை.

பிறகு பேனையை எடுத்து
இறந்தகாலத்தை வெட்டி
நிகழ்காலம் எழுதினேன்.
காலம் பிழைத்தால் பத்துப் புள்ளி போகும் என்று
படித்த கை; அதற்கு வேறு ஒன்றும் தெரியாது.

ஜிஃப்ரி மாஸ்டர் விளக்கைக் கிட்ட இழுத்துப் பார்த்தார்.
மறுபடி தட்டெழுதினார்.
மறுபடி குத்தினார் முத்திரையை.
காசு வேண்டாம் என்று கையை ஆட்டினார்.
"சரியாச் சொன்னீங்க மகள். எங்க வேலை பாக்கிறீங்க?"

"நாற்பத்தேழில்," என்றேன்.

"அது எந்த ரோட்டுப் பக்கம்?"